ஏனியாஸ் கதையில் 431 ஆண்டு இடைவெளி

எரிகிற டிராய் நகரிலிருந்து வயதான அப்பாவைத் தோளில் சுமந்துகொண்டு, மகனைக் கையில் பிடித்துக்கொண்டு வெளியேறியவன் ஏனியாஸ். ஈஜியன் கடல், சிசிலி, கார்த்தேஜ் என்று பல ஆண்டுகள் அலைந்து, கடைசியில் இத்தாலியில் லத்தீன் மக்கள் வாழ்ந்த கரையில் ஒதுங்கினான். அவன் வம்சத்தில் வந்த ரோமுலஸ்தான் ரோமைக் கட்டினான் என்பது ரோமர்கள் நம்பிய கதை. எனக்கு ரொம்பப் பிடித்த கதை இது. அதைவிடப் பிடித்தது, இதில் ஒட்டுப்போட்ட இடம் இன்றைக்கும் கண்ணுக்குத் தெரிவதுதான்.

நேவியஸ், என்னியஸ் போன்ற பழைய ரோமானியக் கவிஞர்களுக்குக் கணக்கு எளிது: ஏனியாஸின் மகள் வயிற்றுப் பேரன் ரோமுலஸ், முடிந்தது. ஆனால் பூமியின் சுற்றளவை அளந்த கிரேக்க அறிஞர் எரட்டோஸ்தெனிஸ், கி.மு. 776-இல் நடந்த முதல் ஒலிம்பிக்கைப் பிடிமானமாக வைத்து, அதற்கு முந்தைய தலைமுறைகளைப் பின்னோக்கி எண்ணி, டிராய் விழுந்தது கி.மு. 1184 வாக்கில் என்று கணக்கிட்டார். ரோம் பிறந்ததற்கோ பிற்பாடு நிலைத்துப்போன ஆண்டு கி.மு. 753. இரண்டையும் பக்கத்தில் வைத்தால் நடுவில் 431 ஆண்டுகள், தாத்தாவுக்கும் பேரனுக்கும் இடையில் பதினைந்து தலைமுறை நுழைகிற அளவு இடைவெளி!

அப்புறம் என்ன செய்தார்கள்? நடுவில் ஓர் ஊரையும் அரச வரிசையையும் வைத்தார்கள். ஏனியாஸ் லவினியத்தைக் கட்டினான், முப்பது ஆண்டு கழித்து அவன் மகன் அஸ்கேனியஸ் அல்பா லாங்காவைக் கட்டினான் (வழியில் பார்த்த வெள்ளைப் பன்றியின் முப்பது குட்டிகள்தான் அந்த முப்பது ஆண்டுக்கு அறிகுறி), அங்கே ராஜாக்கள் வரிசையாக ஆண்டார்கள். கிரேக்க வரலாற்றாசிரியரான ஹாலிகார்னஸஸ் ஊர் டயோனிசியஸ், ஒவ்வொருவரும் எத்தனை ஆண்டு ஆண்டார் என்றுகூட எழுதிவைத்திருக்கிறார்: லத்தீனஸ் 51, அவென்டினஸ் 37, திபெரினஸ் வெறும் 8. இப்படிப் போய், டிராய் விழுந்த 432-ஆம் ஆண்டில் ரோம் பிறக்கிறது. கணக்கு அவ்வளவு கச்சிதமாக இடிக்காமல் பொருந்துவதே சந்தேகத்தைக் கிளப்புகிறது.

அந்தப் பெயர்களைக் கொஞ்சம் நிதானமாகப் பாருங்கள். திபெரினஸ் இறந்ததால் ஆற்றுக்கு டைபர் என்று பெயர் வந்ததாம், அவென்டினஸால் அவென்டைன் குன்றுக்குப் பெயராம், லத்தீனஸ் என்பது லத்தீன் மக்களின் பெயரேதான். ஆறும் குன்றும் மக்களும் முதலில் இருந்தார்கள், ராஜாக்கள் அவற்றிலிருந்து பிறந்தார்கள் என்றுதான் நான் இதைப் படிக்கிறேன். அல்பா லாங்கா இருந்ததாகச் சொல்லப்படும் ஆல்பன் மலைப்பக்கம் தோண்டிய இடங்களிலும் சின்னச் சின்னக் குடியிருப்புகள்தான் தெரிகின்றன, கதை சொல்கிற தலைநகரம் தென்படவில்லை.

இவ்வளவு பாடுபட்டு ஏன் ஒட்டவேண்டும்? ஏனென்றால் ஏனியாஸ் ரோமுக்கு உண்மையிலேயே உதவினான். ரோமும் கார்த்தேஜும் மோதிய முதல் பியூனிக் போரில் சிசிலியின் செஜெஸ்டா நகரம், நாங்களும் டிராய் வழிவந்தவர்கள்தான் என்று உறவு சொல்லி ரோம் பக்கம் வந்தது. ஜூலியஸ் சீசர் கி.மு. 47 வாக்கில் அடித்த வெள்ளிக்காசின் ஒரு பக்கம் வீனஸ் தெய்வத்தின் தலை, மறுபக்கம் அவள் மகன் ஏனியாஸ், இடது தோளில் அப்பா, வலது கையில் டிராயிலிருந்து காப்பாற்றிய தெய்வச்சிலை. பக்கத்தில் ஒரே ஒரு சொல்: சீசர். இரண்டு சென்டிமீட்டர்கூட இல்லாத காசு, என் குலத்துக்கு ஆதித்தாய் தெய்வம் என்று வாங்குகிறவன் விற்கிறவன் எல்லாருடைய கைக்கும் சொல்லிக்கொண்டே போயிருக்கிறது.

சரி, மண்ணுக்கடியில் என்ன இருக்கிறது? லவினியம் இருந்த இடத்தில், ரோமுக்குத் தெற்கே இன்றைய பிரதிகா தி மாரேயில், 1968-இல் ஒரு மண்மேட்டுக் கல்லறை கண்டுபிடிக்கப்பட்டது. டயோனிசியஸ், ஏனியாஸின் நினைவிடம் என்று வர்ணித்த மேடு இதுதான் என்று சிலர் சொல்கிறார்கள், எல்லா ஆய்வாளர்களும் ஒப்புக்கொள்ளவில்லை. உள்ளே புதைக்கப்பட்டவர் கி.மு. 7-ஆம் நூற்றாண்டுக்காரர், டிராய்க்கு ஐந்நூறு ஆண்டு பிந்தியவர், பெயர் தெரியாத ஒரு பெரிய மனிதர். கி.மு. 4-ஆம் நூற்றாண்டில் யாரோ அந்தப் பழைய மேட்டைத் தேடிவந்து அதை ஒட்டி ஒரு சின்ன வழிபாட்டு அறை கட்டியிருக்கிறார்கள். அந்த அறையிலிருந்து கல்லறைப் பக்கம் ஒரு வாசல், அதில் கல்லிலேயே செதுக்கிய இரட்டைக் கதவு, திறக்கவே முடியாத கதவு.