1,440 சதுரங்கக் காய்களை ஒரு தலைக்குள் வைத்திருப்பது எப்படி?

து வா டு ற ன் ள இ ச் க த் ணை தி கு ர வு ம சு ந் க் த தா

மேலே 21 எழுத்துகள் இருக்கின்றன. ஐந்து செக்கன் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிப் பாருங்கள். ஆறேழு எழுத்துக்கு மேல் வருவது கஷ்டம். அதே 21 எழுத்துகளை இப்போது வேறு ஒழுங்கில் தருகிறேன்: இரணைமடுக்குளத்து வான்கதவு திறந்தாச்சு. கிளிநொச்சியில் ஒரு மாரி காலத்தையாவது கழித்தவருக்கு இதை மனப்பாடம் செய்ய வேண்டிய தேவையே இல்லை. கண்டாவளைப் பக்கம் வெள்ளம் ஏறப்போகிறது என்பது வரைக்கும் மனம் ஓடிவிடும்.

சதுரங்க வீரர்களின் ஞாபகசக்தி என்று நாம் வியப்பதும் இதே வழியில்தான் இயங்குகிறது. வலயமட்டப் போட்டிக்குப் பிள்ளையைக் கூட்டிவரும் தாய் தகப்பன் அடிக்கடி சொல்வது ஒன்றுண்டு: "இவனுக்கு ஞாபகசக்தி காணாது சேர், செஸ் எல்லாம் சரிவராது." இந்த எண்ணம் பிழை என்று காட்டும் ஆய்வுகள் வந்து எத்தனையோ பத்தாண்டுகள் ஆகிவிட்டன. அந்தச் செய்தி வன்னிக்கும் வந்துசேர வேண்டும் என்பதற்காகவே எழுதுகிறேன்.

நெதர்லாந்தின் அட்ரியான் டி குரூட் உளவியலாளர்; 1937, 1939 சதுரங்க ஒலிம்பியாட்டுகளில் தன் நாட்டுக்காகக் காய் நகர்த்தியவரும்கூட. அலெகின், கெரெஸ் போன்ற சதுரங்கப் பெருந்தலைகளின் முன்னால் ஒரு நிலையை, அதாவது ஆட்டத்தின் நடுவில் காய்கள் நிற்கும் அமைப்பை வைத்து, "யோசிப்பதை வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே யோசியுங்கள்" என்று கேட்டு எழுதி எடுத்தார். அவர்கள் சாதாரண கழக வீரர்களைவிடப் பல மடங்கு ஆழமாகக் கணக்குப் போடுவார்கள் என்றுதான் எவரும் நினைப்பார்கள். ஆழத்தில் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. வித்தியாசம் தொடக்கத்திலேயே இருந்தது: நல்ல நகர்வு எதுவோ அது முதற் பார்வையிலேயே அவர்கள் கண்ணில் பட்டுவிட்டது. ஒரு நிலையைச் சில செக்கன்கள் மட்டும் காட்டி மறைத்தபோதும், உச்ச வீரர்கள் அதை ஏறக்குறைய முழுதாகத் திருப்பிச் சொன்னார்கள். இந்த ஆய்வு 1946இல் வெளிவந்தது.

அப்படியென்றால் அவர்களுக்குப் பிறவியிலேயே நினைவாற்றல் கூடவா? அமெரிக்காவில் வில்லியம் சேஸும் ஹெர்பர்ட் சைமனும் 1973இல் இதற்கு அழகான சோதனை ஒன்றை வெளியிட்டார்கள். உண்மையான ஆட்டங்களிலிருந்து எடுத்த, 25 காய் மட்டில் நிற்கும் நிலைகளை ஐந்து செக்கன் காட்டினார்கள். மாஸ்டர் ஒருவர் சுமார் 16 காய்களைச் சரியாக வைத்தார், நல்ல வீரர் 8, புதியவர் 4. பிறகு அதே காய்களைப் பலகையில் கண்டபாட்டுக்குச் சிதறி வைத்துக் காட்டினார்கள். மாஸ்டரும் மூன்று நான்கு காய்க்கு வந்துவிட்டார். (மாஸ்டர்களுக்கு அங்கும் சிறிய முன்னிலை உண்டு என்று பின்னர் வந்த ஆய்வுகள் காட்டின, ஆனாலும் அது சிறியதுதான்.)

மாஸ்டர் தனித்தனிக் காய்களைப் பார்ப்பதில்லை. காஸ்லிங் செய்து (கோட்டையோடு சேர்த்து ஒரே நகர்வில்) ஓரமாக ஒதுங்கிய ராஜா, பக்கத்தில் கோட்டை, முன்னால் மூன்று காலாட்கள், காவலுக்கு ஒரு குதிரை. புதியவருக்கு இவை ஆறு காய்கள். மாஸ்டருக்கு ஆயிரம் முறை கண்டு பழகிய ஒரே கொத்து. மனித மனம் ஒரே நேரத்தில் ஏந்தக்கூடியது சில கொத்துகளைத்தான். அந்த எல்லை மாஸ்டருக்கும் உண்டு, மாங்குளத்துப் பிள்ளைக்கும் உண்டு. ஒவ்வொரு கொத்துக்குள்ளும் எவ்வளவு அடங்கியிருக்கிறது என்பதில்தான் இருவரும் வேறுபடுகிறார்கள். மாஸ்டர் ஒருவரிடம் இப்படி 50,000 கொத்துகள் அளவில் இருக்கலாம் என்று சைமன் கணித்தார்.

இதன் உச்சத்தைத் தொட்டவர் மிகுவேல் நைடோர்ஃப். 1910இல் போலந்தில் பிறந்த யூதர். 1939இல் போலந்து அணியோடு புவனஸ் அயர்ஸ் ஒலிம்பியாட்டுக்குப் போனார். டி குரூட்டும் ஆடிய போட்டி அது. ஆட்டங்கள் நடந்துகொண்டிருக்கும்போதே, செப்டெம்பர் 1இல் ஜெர்மனி போலந்துக்குள் புகுந்தது. நைடோர்ஃப் ஆர்ஜென்டீனாவிலேயே தங்கிவிட்டார். மனைவி, பிள்ளை, பெற்றோர், சகோதரங்கள் எல்லோரும் போலந்தில். 1943இல் பலகையைப் பாராமல் 40 பேரோடு ஒரே நேரத்தில் ஆடினார். 1947இல் பிரேசிலின் சாவோ பாவுலோவில் 45 பேரோடு. ஆட்டங்கள் முடிய ஏறக்குறைய ஒரு முழு நாள் எடுத்தது. 39 வெற்றி, 4 சமநிலை, 2 தோல்வி. இப்படியொரு சாதனை பத்திரிகைகளில் வந்தால், உயிரோடு இருக்கும் உறவு யாராவது பெயரைக் கண்டு தொடர்பு கொள்ளமாட்டார்களா என்ற எதிர்பார்ப்பே இந்த ஆட்டங்களுக்குக் காரணம் என்று அவரே பின்னர் சொன்னார். யாரும் வரவில்லை, எல்லோரும் கொல்லப்பட்டிருந்தார்கள். முள்ளிவாய்க்காலுக்குப் பிறகு கையில் படத்தோடு முகாம் முகாமாகத் தேடித் திரிந்த எங்கள் சனத்துக்கு இதை விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

45 பலகைகள் என்றால் தொடக்கத்தில் 1,440 காய்கள். பலகையைப் பாராமல் ஆடுபவர்கள் இத்தனையையும் படம்போல மனக்கண்ணில் காண்பார்களா? பிரான்சின் உளவியலாளர் அல்பிரட் பினே 1894இலேயே இதை ஆராய்ந்தார். காயின் வடிவமோ நிறமோ பலருக்கு மனத்தில் தெரிவதில்லை என்று கண்டார். அந்தக் குதிரை எதைத் தாக்குகிறது, இந்தக் கோட்டைக்கு எந்த வழி திறந்திருக்கிறது என்ற உறவுகள்தான் நிற்கின்றன. கூடவே, ஒவ்வோர் ஆட்டமும் ஒரு கதைபோல ஓடுகிறது. கடைசி நகர்வை மறந்தாலும் முன்னுள்ளதிலிருந்து பிடித்துக்கொள்ளலாம். பலகைகளைக் குழுக்களாகப் பிரித்து, ஒவ்வொரு குழுவையும் வேறுவேறு தொடக்க ஆட்டத்தால் ஆரம்பிப்பதும் இவ்வகை ஆட்டக்காரரின் வழக்கம்.

கொத்துகள் சேருவது பார்த்தும் ஆடியும்தான். விஸ்வநாதன் ஆனந்த் சிறுவயதில் மணிலாவில் இருந்தபோது, அவர் பள்ளிக்கூடத்தில் இருக்கும் நேரத்தில் தொலைக்காட்சியில் சதுரங்கப் புதிர் போகும். தாயார் சுசீலா அதை எழுதிவைப்பார். மாலையில் இருவரும் சேர்ந்து விடை காண்பார்கள். ஹங்கேரியில் லாஸ்லோ போல்கார் தன் மூன்று மகள்களுக்கும் வீட்டிலேயே ஆயிரக்கணக்கான ஆட்டங்களைச் சேகரித்து வைத்துப் பழக்கினார். இளையவர் யூடிட் 1991இல், 15 வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆனார். மிக இளவயதில் அந்தப் பட்டம் பெற்றவர் என்ற பொபி பிஷரின் சாதனை அதோடு முறிந்தது. திறமையில் பிறவிப் பங்கு எவ்வளவு என்ற விவாதம் ஒருபுறம் நடக்கட்டும். கண்ட நிலைகளின் தொகை பெருகாமல் எவரும் மேலே போகவில்லை. ஒட்டுசுட்டானிலோ துணுக்காயிலோ ஆடும் பிள்ளைக்குக் குறைவது இந்தத் தொகைதான் என்பது என் உறுதியான எண்ணம். பாடசாலையில் ஒரு பலகையும் ஆட இரண்டு மூன்று பேரும்தான் என்றால், திரும்பத் திரும்ப அதே சில நிலைகளே கண்ணில் படும். அச்செடுத்த புதிர்த்தாள் ஒரு கட்டு இருந்தாலே நிலைமை மாறத் தொடங்கும்.

மாறுகிறதா என்று ஆசிரியர்களே அளந்து பார்க்கலாம். உண்மையான ஆட்டமொன்றின் இருபதாவது நகர்வை ஒட்டிய நிலையை வையுங்கள். ஐந்து செக்கன் காட்டி மூடி, வெறும் பலகையில் அடுக்கச் சொல்லுங்கள். அதே காய்களைச் சிதறி வைத்து இன்னொரு தடவை. சரியான கட்டத்தில் நிற்கும் காய்களை மட்டும் எண்ணுங்கள். ஒரு வருடம் புதிரும் ஆட்டமுமாகப் பழகிய பிறகு, புதிய நிலைகளோடு திரும்பச் செய்தால் முதல் எண் ஏறியிருக்க வேண்டும்; இரண்டாவது பெரும்பாலும் அப்படியே நிற்கும். எந்தக் காய்களைப் பிள்ளை ஒரே மூச்சில் வைக்கிறது, எங்கே கை தயங்குகிறது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டு செக்கனுக்கு மேல் இடைவெளி விழும் இடத்தில் ஒரு கொத்து முடிந்து அடுத்தது தொடங்குகிறது என்றே சேஸும் சைமனும் கணக்கெடுத்தார்கள். ராஜாவின் காவலைச் சட்டென்று வைத்துவிட்டு, நடுப்பலகைக் காலாட்களில் கை தடுமாறினால், அடுத்த மாதப் புதிர்த்தாளில் நடுப்பலகை நிலைகளைக் கூட்டிக் கொடுக்கலாம்.