அப்பா பேசாத கட்டம்

நாலே கட்டத்தில் ஒரு காமிக்ஸ் என்று வைத்துக்கொள்வோம். முதல் கட்டத்தில் மகள் தன் தோழியின் கையைப் பிடித்தபடி, "அப்பா, நான் கல்யாணம் பண்ணிக்கப் போறது இவளைத்தான்" என்கிறாள். இரண்டாவதில் அப்பாவின் முகம் மட்டும்: ஒரு வட்டம், கண்ணுக்கு இரண்டு புள்ளி. பேச்சில்லை. மூன்றாவதிலும் அதே வட்டம், அதே புள்ளிகள். நாலாவதில் வாய் திறக்கிறார்: "இவளாவது காலையில நேரத்துக்கு எழுந்திருப்பாளா?"

சிரிப்பு வருவது கடைசிக் கட்டத்தில். அதற்கான வேலை நடப்பதோ பேச்சே இல்லாத நடுக்கட்டங்களில். அப்பா கத்துவார், வெளியே போ என்பார் என்றெல்லாம் அங்கே நாமே எழுதிக்கொள்கிறோம். கட்டங்களுக்கு இடையில் வரையாமல் விட்டதை வாசகரின் மனம்தான் நிரப்புகிறது என்று காமிக்ஸ் கலைஞர் ஸ்காட் மெக்லவுட் 1993இல் விளக்கினார். அப்பா எதையும் செய்யவில்லை. ரகளை முழுக்க நம் தலைக்குள்தான் நடந்தது. கடைசி வசனம் அதைப் போட்டுடைக்கிறது.

முகம் இரண்டு புள்ளியாக இருப்பதும் காரணத்தோடுதான். இதையே நடிகர் ஒருவர் நடித்தால் கண் கலங்கும், தாடை இறுகும், நமக்கும் பதற்றம் தொற்றும். கோட்டுச் சித்திரம் அந்த வலியை ஓரடி தள்ளி வைக்கிறது.

அந்த ஓரடிதான் நகைச்சுவைக்கு வேண்டியது. பீட்டர் மெக்ரா, கேலப் வாரன் என்ற ஆய்வாளர்கள் 2010இல் சொன்ன கருத்து இது: ஒரு விஷயம் வரம்பு மீறியதாகவும் ஆபத்தில்லாததாகவும் ஒரே நேரத்தில் தோன்றினால் சிரிப்பு வரும். புதிதாகச் சேர்பவர்களுக்குக் குலுக்கலில் கார் தரும் தேவாலயத்தைப் பற்றிய ஒரு கதையை அவர்கள் சிலருக்குப் படிக்கக் கொடுத்தார்கள். தேவாலயத்துக்குப் போகிறவர்கள், போகாதவர்கள் என இரு தரப்பும் அதில் தப்பு இருப்பதாகவே பார்த்தார்கள். ஆனால் அதிகம் சிரித்தது போகாதவர்கள்தான். கல்யாண விஷயத்திலும் அப்படித்தான். மகள் சொன்ன செய்தி தன் வீட்டில் நேற்று வெடித்தது என்றால், ஒருவருக்கு அந்த நாலாவது கட்டம் சப்பென்று இருக்கும், அல்லது சுடும்.

எல்லாக் கல்யாண ஜோக்கும் வரம்பைத் தொடுவதில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். பூரிக்கட்டையோடு கதவருகே காத்திருக்கும் மனைவி பல பத்தாண்டுகளாகச் சித்திரங்களில் வந்துகொண்டே இருந்தாள். அதில் எந்த வரம்பும் அசையவில்லை. என்னைக் கேட்டால், அது பழைய விதியையே சிரித்துக்கொண்டு மறுபடி ஒப்பிப்பது.

வரையாததை வாசகரே நிரப்பிக்கொள்வார் என்ற சூட்சுமம் தணிக்கைக்காரர்களுக்கும் நன்றாகவே புரிந்திருந்தது. அமெரிக்கப் பதிப்பாளர்கள் 1954இல் தங்களுக்குத் தாங்களே போட்டுக்கொண்ட காமிக்ஸ் விதிமுறை, விவாகரத்தை நகைச்சுவையாகக் காட்டக் கூடாது என்றது. 'பாலியல் பிறழ்வு' என்று அவர்கள் அழைத்ததை வரைவதோடு நிற்காமல், குறிப்பால் உணர்த்துவதையும் தடுத்தது. கட்டங்களுக்கு நடுவே வாசகர் எதை நினைத்துக்கொள்வார் என்பதுதான் அவர்கள் கவலை. தன்பால் ஈர்ப்புள்ள பாத்திரங்களுக்கு அந்த விதிமுறை வழிவிட்டது 1989இல்தான்.

நாளிதழ்களின் காமிக்ஸ் பக்கம் அப்போதும் இறுக்கமாகவே இருந்தது. கனடாவின் லின் ஜான்ஸ்டன் 1979 முதல் வரைந்துவந்த குடும்ப நகைச்சுவைத் தொடரில், பக்கத்து வீட்டுப் பையன் லாரன்ஸ் 1993இல் தனக்கு ஆண்கள்மேல்தான் ஈர்ப்பு என்று சொன்னான். பல இதழ்கள் அந்தப் பகுதியை வெளியிடவில்லை. சில, தொடரையே நிறுத்திவிட்டன. வாசகர்கள் அவனைச் சின்னப் பையனாக இருந்தபோதிலிருந்தே பார்த்துவந்தவர்கள். வேறு யாரோ ஒருவன் என்று அவனைத் தள்ளி வைத்துப் பார்க்க அவர்களுக்கு வழியில்லை.