ஏ.ஆர்.டி: சீட்டில் இருக்கும் மூன்றெழுத்தும் நீங்கள் கேட்டு வாங்க வேண்டியதும்

எச்.ஐ.வி சிகிச்சைக்காக ஓர் அரசு மருத்துவமனைக்குப் போன ஐம்பது வயதுப் பெண் ஒருவருக்குத் துணையாகப் போயிருந்தேன். வேறொரு மருத்துவர் எழுதிக் கொடுத்த சீட்டு அவர் கையில் இருந்தது. அதில் ‘ஏ.ஆர்.வி’ என்று மூன்றெழுத்து மட்டும். முன்வாசலில் இருந்தவர் அதைப் பார்த்துவிட்டு நாய்க்கடி ஊசி போடும் அறைக்குக் கை காட்டினார். நாற்பது நிமிடம் வரிசையில் நின்றோம். முறை வந்தபோது செவிலியர், “எங்கே கடித்தது?” என்று கேட்டார். அந்த அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தார். பின்னால் பதினைந்து பேர் நிற்கிறார்கள். எதற்காக வந்தேன் என்று அவர் எப்படிச் சொல்வார்? “ஒன்றுமில்லை” என்று சொல்லிவிட்டு வெளியே நடந்துவிட்டார். அவரை மறுபடி அழைத்துவர எனக்குப் பதினொரு நாள் ஆயிற்று.

எனவே சொல்லில் இருந்தே தொடங்குகிறேன். எச்.ஐ.வி என்பது ரெட்ரோவைரஸ் என்ற வகையைச் சேர்ந்த கிருமி. அதை எதிர்க்கும் மருந்துக்குப் பெயர் ஆன்டி ரெட்ரோவைரல், சுருக்கமாக ஏ.ஆர்.வி. ஆனால் நம் அரசு மருத்துவமனைகளில் ஏ.ஆர்.வி என்றால் பத்துப் பேரில் ஒன்பது பேருக்கு நினைவுக்கு வருவது வெறிநாய்க்கடித் தடுப்பூசிதான். அதற்கும் அதே மூன்றெழுத்து. எச்.ஐ.வி மருந்துகளைச் சேர்த்துக் கொடுக்கும் சிகிச்சை முழுவதற்கும் பெயர் ஏ.ஆர்.டி, அதாவது ஆன்டி ரெட்ரோவைரல் தெரபி. தமிழில் ‘கூட்டு மருந்து சிகிச்சை’ என்று எழுதுகிறார்கள். நல்ல சொல், ஏனென்றால் இதன் உயிரே அந்தக் கூட்டில்தான் இருக்கிறது. இங்கும் ஒரு குழப்பம் உண்டு. குழந்தைப்பேறு சிகிச்சை தரும் தனியார் மருத்துவமனைகளுக்கும் ‘ஏ.ஆர்.டி கிளினிக்’ என்றே பெயர். 2021-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்றே அந்தப் பெயரில் இருக்கிறது. பலகையை நம்பி உள்ளே போய்விடாதீர்கள். அரசு மருத்துவமனையில் “ஏ.ஆர்.டி மையம் எந்தக் கட்டடத்தில் இருக்கிறது?” என்று மட்டும் கேளுங்கள். நோயின் பெயரைச் சொல்ல வேண்டியதில்லை. எதற்கு என்று வாசலில் கேட்டால் பதில் சொல்ல வேண்டிய கடமையும் உங்களுக்கு இல்லை.

இந்தியாவில் இந்தச் சிகிச்சை 2004 ஏப்ரல் 1 முதல் இலவசம். அன்று எட்டு அரசு மருத்துவமனைகளில் தொடங்கினார்கள். தாம்பரம் நெஞ்சக நோய் மருத்துவமனை அவற்றில் ஒன்று. இன்று பெரும்பாலான மாவட்டங்களில் மையம் உண்டு. பல வட்ட மருத்துவமனைகளில் இணைப்பு ஏ.ஆர்.டி மையமும் உண்டு. வரலாறு இவ்வளவு போதும்.

ஏ.ஆர்.டி என்றால் மாத்திரை டப்பா என்றுதான் பலர் நினைக்கிறார்கள். அதனால் டப்பா கிடைத்ததும் திரும்பிவிடுகிறார்கள். அந்தச் சொல்லுக்குள் சிடி4 பரிசோதனை (இரத்தத்தில் நோய் எதிர்ப்பு அணுக்களின் எண்ணிக்கை), வைரல் லோடு பரிசோதனை (இரத்தத்தில் கிருமியின் அளவு), காசநோய் இருக்கிறதா என்று பார்ப்பது, காசநோய் வராமல் தடுக்கும் மருந்து, ஆலோசகரின் நேரம், மருந்து கேட்காமல் போனால் அடுத்த வரிசை மருந்து எல்லாம் அடங்கும். எதற்கும் கட்டணம் இல்லை. “இந்த டெஸ்டை வெளியே எடுத்து வாருங்கள்” என்று சீட்டு எழுதினால், ஏன் இங்கே எடுக்கவில்லை என்று அந்த இடத்திலேயே கேளுங்கள். கேட்டால் பெரும்பாலும் வழி பிறக்கிறது. கேட்காதவர் ஆயிரக்கணக்கில் செலவு செய்கிறார்.

முதல் வாசலில் சிக்கும் காகிதம்

தனியார் ஆய்வகத்தில் எடுத்த முடிவுடன் நேராக ஏ.ஆர்.டி மையத்துக்குப் போவார்கள். “இது செல்லாது” என்று திருப்பி அனுப்புவார்கள். திருப்பி அனுப்புவது விதிப்படி சரிதான். ஏன், அடுத்து எங்கே என்று சொல்லாமல் அனுப்புவதுதான் கொடுமை. சிகிச்சைக்குப் பதிவு செய்ய அரசின் நம்பிக்கை மையத்தில் உறுதி செய்த முடிவு வேண்டும். நம்பிக்கை மையம் என்பது எச்.ஐ.வி பரிசோதனையும் ஆலோசனையும் இலவசமாகத் தரும் இடம். அரசு மருத்துவமனைகளிலும் பல ஆரம்ப சுகாதார நிலையங்களிலும் இருக்கிறது. மூன்று வெவ்வேறு முறைகளில் சோதித்துத்தான் உறுதி செய்வார்கள். தனியார் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு ஏ.ஆர்.டி மையத்து வாசலில் நாளைக் கழிக்காமல், நம்பிக்கை மையத்துக்கு முதலில் போய்விடுங்கள். அங்கிருந்து ஏ.ஆர்.டி மையத்துக்குப் பரிந்துரைச் சீட்டு தருவார்கள். அதை வாங்காமல் நகராதீர்கள்.

அடுத்த பொறி சிடி4. “உங்களுக்கு எதிர்ப்புச் சக்தி நன்றாக இருக்கிறது, இப்போது மாத்திரை தேவையில்லை, ஆறு மாதம் கழித்து வாருங்கள்.” இந்த வாக்கியத்தை நம்பி வீட்டுக்குப் போய், காசநோயோடு திரும்பி வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். ஒரு காலத்தில் சிடி4 எண்ணிக்கை 200-க்குக் கீழே இறங்கினால்தான் மருந்து. பின்பு 350, பின்பு 500 என்று வரம்பை உயர்த்தினார்கள். 2017-இல் அந்த வரம்பையே எடுத்துவிட்டார்கள். எச்.ஐ.வி இருப்பது உறுதியானால், எண்ணிக்கை 90 ஆனாலும் 900 ஆனாலும் சிகிச்சைக்குத் தகுதி உண்டு. சிடி4 இன்றும் எடுக்கிறார்கள். அது உடல்நிலையை அறிய. எடுக்கும் இயந்திரம் பழுது, முடிவு வர இரண்டு வாரம் என்ற காரணத்துக்காக மருந்து தொடங்குவதைத் தள்ளக் கூடாது. காசநோயோ மூளைக்காய்ச்சலோ இருந்தால் மட்டும் அதற்கான சிகிச்சையை முதலில் தொடங்கிவிட்டுச் சில நாளோ சில வாரமோ பொறுத்து ஏ.ஆர்.டி தருவார்கள். அது மருத்துவக் காரணம். அதில் சண்டை போடாதீர்கள். வேறு எந்தத் தாமதத்துக்கும் காரணம் கேளுங்கள்.

ஆதார், முகவரிச் சான்று கேட்பார்கள். இருந்தால் நகல் கொண்டு போங்கள், இன்னொரு அலைச்சல் மிஞ்சும். ஆனால் வீட்டை விட்டுத் துரத்தப்பட்ட பெண்ணிடம் எந்த முகவரிச் சான்று இருக்கும்? திருநங்கை ஒருவரின் அட்டையில் பழைய பெயரும் பழைய புகைப்படமும் இருந்தால் என்ன செய்வார்? இப்படிப்பட்ட நிலையில் பதிவு மேசையில் வாதாடிக் கொண்டிருக்காமல் நேராக ஆலோசகரைப் பாருங்கள். மருத்துவ அலுவலருக்கு ஒரு வரி எழுதிக் கொடுங்கள்: ஆவணம் இல்லை, காரணம் இது, சிகிச்சை வேண்டும். எழுத்தில் கேட்டதை எழுத்தில் மறுக்க யாரும் எளிதில் துணிவதில்லை. மாவட்டத்தில் இயங்கும் எச்.ஐ.வி உள்ளோர் கூட்டமைப்பினர் உடன் வந்தால் இந்த வேலை ஒரு மணி நேரத்தில் முடிகிறது.

சொந்த ஊரில் யாராவது பார்த்துவிடுவார்கள் என்று பயந்து பக்கத்து மாவட்டத்தில் பதிய நினைப்பவர்கள் பலர். பதியலாம். வேலைக்காக ஊர் மாறினால் மையத்தையும் மாற்றிக்கொள்ளலாம். ஆனால் மாற்றச் சீட்டு வாங்காமல் புதிய ஊருக்குப் போய் நின்றால், “பழைய மையத்தில் போய் எழுதி வாங்கி வாருங்கள்” என்பார்கள். திருப்பூரில் வேலை செய்பவர் இராமநாதபுரம் போய்வர இரண்டு நாள் கூலி போகிறது. மாத்திரையும் அதற்குள் தீர்ந்துவிடுகிறது. கிளம்பும் முன்பே மாற்றச் சீட்டையும், குறைந்தது ஒரு மாத மாத்திரையையும் கேட்டு வாங்குங்கள். சில நாள் பயணம் என்றால் மாற்றமே வேண்டாம், உங்கள் ஏ.ஆர்.டி பதிவுப் புத்தகத்தைக் காட்டினால் வேறு மையத்தில் தற்காலிகமாக மருந்து வாங்க வழி இருக்கிறது. அந்தப் புத்தகத்தின் எல்லாப் பக்கங்களையும் கைப்பேசியில் படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். புத்தகம் தொலைந்தவர்கள் படும் பாட்டை விவரிக்க இங்கே இடம் போதாது.

நாள் தவறினால்

மருந்து நன்றாக வேலை செய்து, உடல்நிலை சீராக இருப்பவருக்கு மூன்று மாத மாத்திரைவரை ஒன்றாகக் கொடுக்க விதி இடம் தருகிறது. இது பலருக்குத் தெரியாது; எல்லா மையமும் தானாகச் சொல்வதும் இல்லை. மாதந்தோறும் விடுப்புக் கேட்டு, மேலாளரிடம் பொய் சொல்லி, ஒருநாள் பொய் தீர்ந்துபோய், மருந்தையே விட்டவர்கள் இருக்கிறார்கள். கேளுங்கள்.

நடுவில் மருந்தை விட்டவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். திட்டுவார்கள் என்று பயந்தே மையத்துக்குப் போகாமல் இருக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். திட்டவும் செய்வார்கள், சில இடங்களில். இரண்டு வருடம் விட்டிருந்தாலும் மறுபடி சிகிச்சை பெறும் தகுதி போய்விடவில்லை. பழைய பதிவு எண் உயிரோடுதான் இருக்கிறது. புதிய நோயாளிபோல வேறு பெயரில் பதியாதீர்கள். முன்பு எந்த மருந்து சாப்பிட்டீர்கள் என்பது மருத்துவருக்குத் தெரியாமல் போனால் தவறான கூட்டு உங்களுக்கு வந்து சேரும்.

இப்போது பெரும்பாலானவர்களுக்குத் தருவது டி.எல்.டி என்ற ஒரே மாத்திரை: டெனோஃபோவிர் 300 மில்லிகிராம், லாமிவுடின் 300, டோலுடெக்ராவிர் 50. ஒரு நாளைக்கு ஒன்று. மூன்றும் சேர்ந்தால்தான் கிருமி தப்ப முடியாது. மையத்தில் தீர்ந்துவிட்டதென்று, மருந்துக்கடையில் இவற்றில் ஒன்றை மட்டும் வாங்கி ஒப்பேற்றியவர்களை அறிவேன். டெனோஃபோவிர் கல்லீரல் அழற்சிக்கும் பயன்படுவதால் தனியாகக் கடையில் கிடைக்கிறது. அதை மட்டும் சாப்பிடுவது எச்.ஐ.வி-க்கு அந்த மருந்தை எதிர்க்கப் பயிற்சி கொடுப்பதற்குச் சமம். இருப்பு இல்லை என்றால் அருகிலுள்ள மையத்திலிருந்து வரவழைப்பது அவர்கள் பொறுப்பு. 1097 என்ற இலவச எண்ணில் அழைத்து, மையத்தின் பெயரையும் தேதியையும் சொல்லிப் புகாரைப் பதியுங்கள்.

மற்ற மருத்துவரிடம் போகும்போது டோலுடெக்ராவிர் சாப்பிடுவதைச் சொல்லிவிடுங்கள். காசநோய்க்கான ரிஃபாம்பிசின் அதன் பலத்தைக் குறைக்கும். பன்னிரண்டு மணி நேரம் கழித்து இன்னொரு டோலுடெக்ராவிர் சேர்த்துத் தர வேண்டும். காசநோய்ப் பிரிவும் ஏ.ஆர்.டி மையமும் ஒரே வளாகத்தில் இருந்தும் ஒன்றுக்கொன்று தெரிவிக்காத இடங்கள் உண்டு. நடுவில் நீங்கள்தான் தூது போக வேண்டியிருக்கிறது. சர்க்கரைக்கு மெட்ஃபார்மின் சாப்பிடுபவருக்கும் அளவை மாற்ற நேரிடலாம்.

வைரல் லோடு பரிசோதனை, தொடங்கிய ஆறாம் மாதம், பன்னிரண்டாம் மாதம், பிறகு ஆண்டுக்கொரு முறை. இதைத் தள்ளிக்கொண்டே போவார்கள். விடாதீர்கள். கிருமி கண்டறிய முடியாத அளவுக்குக் குறைந்து அப்படியே நீடித்தால், உடலுறவின் வழியாகத் துணைக்குத் தொற்றாது. இது உறுதியான மருத்துவ உண்மை, பாதிப் பேருக்கு இதை யாரும் சொல்வதே இல்லை. வைரல் லோடு ஒரு மில்லிலிட்டருக்கு 1000-க்கு மேல் இருந்தால் ஒழுங்காகச் சாப்பிடுகிறீர்களா என்று பார்த்து, மறுபடி சோதித்து, அப்போதும் குறையாவிட்டால் இரண்டாம் வரிசை மருந்துக்கு மாநில நிபுணர் குழுவுக்கு அனுப்ப வேண்டும். அந்த மருந்தும் இலவசம். கோப்பு எங்கே நிற்கிறது என்று இரண்டு வாரத்துக்கு ஒருமுறை கேளுங்கள். கேட்காத கோப்பு நகர்ந்து நான் பார்த்ததில்லை.

மையத்துக்கு வெளியே

அறுவை சிகிச்சைக்கு நாள் குறித்துவிட்டு, இரத்த முடிவு வந்ததும் “ஏ.ஆர்.டி மையத்தில் தகுதிச் சான்று வாங்கி வாருங்கள்” என்று அனுப்புவது வழக்கமான தந்திரம். கையுறையும் கிருமி நீக்கமும் எல்லா நோயாளிக்கும் ஒன்றுதான். எச்.ஐ.வி மற்றும் எய்ட்ஸ் (தடுப்பு மற்றும் கட்டுப்பாடு) சட்டம், 2017, நடைமுறைக்கு வந்தது 2018 செப்டம்பர் 10. எச்.ஐ.வி-யைக் காரணம் காட்டிச் சிகிச்சையோ வேலையோ பள்ளிச் சேர்க்கையோ வாடகை வீடோ மறுப்பது அந்தச் சட்டம் தடை செய்யும் பாகுபாடு. அரசு, தனியார் இரண்டுக்கும் பொருந்தும். சம்மதமின்றிப் பரிசோதனை செய்யக் கூடாது. படுக்கை அட்டையில் சிவப்பு மையால் எழுதி மாட்டவும் கூடாது. இருபது பேரோ அதற்கு மேலோ பணிபுரியும் மருத்துவமனையில் இதற்கென ஒரு புகார் அலுவலர் இருக்க வேண்டும். அவர் பெயரைக் கேட்டாலே பல இடங்களில் குரல் மாறுகிறது. அதற்கு மேல் மாநிலக் குறைதீர்ப்பாளர். அவர் முப்பது நாளில் உத்தரவு தர வேண்டும்; மருத்துவ அவசரம் என்றால் கூடுமானவரை 24 மணி நேரத்தில். மறுத்தவர் பெயர், நேரம், சொன்ன சொல் மூன்றையும் அன்றே குறித்து வையுங்கள்.

கடைசியாக, தொற்று இல்லாதவருக்கும் இந்த மருந்தில் உரிமை உள்ள ஓர் இடம். மருத்துவமனைக் குப்பையை அள்ளும் ஒப்பந்தத் தூய்மைப் பணியாளர் ஒருவருக்குப் பயன்படுத்திய ஊசி குத்தியது. மேற்பார்வையாளர் சோப்புப் போட்டுக் கழுவச் சொல்லிவிட்டு, “ஏ.ஆர்.டி மையம் பூட்டியிருக்கிறது, திங்கட்கிழமை வா” என்றார். நிரந்தரப் பணியாளராக இருந்தால் அப்படிச் சொல்லியிருப்பாரா என்று தெரியாது. தொற்றைத் தடுக்கும் மருந்தை முடிந்தால் இரண்டு மணி நேரத்துக்குள், எப்படியும் 72 மணி நேரத்துக்குள் தொடங்கி, 28 நாள் விடாமல் சாப்பிட வேண்டும். பாலியல் வன்முறைக்கு ஆளானவர்களுக்கும் இதே மருந்து, இதே கெடு. சனிக்கிழமை மாலை ஊசி குத்தினால் அந்தக் கெடு செவ்வாய் மாலையோடு முடிகிறது. மையம் பூட்டியிருந்தால் அவசரப் பிரிவில் இருக்கும் பணி மருத்துவரிடம் போய், முதல் மாத்திரையை அங்கேயே கேளுங்கள். அதைக் கொடுக்கும்வரை அந்த இடத்தை விட்டு நகராதீர்கள்.