பகா எண் சோதனையில் தேறிய சாவியும் உடையும்

ஆர்எஸ்ஏ மறையாக்கத்தில் இரண்டு பெரிய பகா எண்களைப் பெருக்கிப் பொதுச்சாவி உருவாக்குகிறார்கள்; அந்தப் பகா எண்கள் தெரிந்துவிட்டால் சாவி உடைந்துவிடும். சாவிக்குத் தேர்ந்தெடுக்கும் எண் பகா எண்ணாக இருந்தால் மட்டும் போதாது, அதை வேறு யாராலும் ஊகிக்கவும் முடியக்கூடாது. ஓர் எண் பகா எண்தானா என்று பார்க்கும் மில்லர்–ராபின் சோதனை முதலாவதை மட்டுமே பார்க்கிறது. இரண்டாவதற்கு ரேண்டம் எண் தரும் சிப்பைத்தான் நம்பியிருக்கிறோம்.

பைனரியில் ஒரே துண்டு திரும்பத் திரும்ப வரும் எண் பொதுவாகப் பகா எண் ஆகாது. 101-ஐ மூன்று முறை எழுதினால் 101101101, அதாவது 365. அது 101 × 1001001. தசமத்தில் 5 × 73. துண்டின் மதிப்பு 1-ஐ விடப் பெரிதாக இருந்தால் எப்போதும் இப்படி வகுபட்டுவிடும். ஆனால் பல கருவிகள் வகுபடும் எண்ணைத் தூக்கிப் போடுவதில்லை. அதிலிருந்து மேலே போய் அடுத்த பகா எண்ணைப் பிடிக்கின்றன. 512 பிட் அளவில் பகா எண்களின் சராசரி இடைவெளி சுமார் 355தான். கடைசிப் பத்துப் பிட்கள் மாறும், முன்னால் இருக்கும் ஐந்நூறும் அதே வடிவத்தில் நிற்கும்.

தைவான் அரசின் டிஜிட்டல் குடிமக்கள் அட்டைகளில் இது நடந்தது. 2013-இல் வெளியான ஆய்வில், இருபது லட்சத்துக்கும் மேற்பட்ட 1024 பிட் சாவிகளில் 184 உடைக்கப்பட்டன. அவற்றில் 46 சாவிகளில் ஒரே பகா எண் இருந்தது: 2⁵¹¹ + 2⁵¹⁰ + 761. சிப் வெறும் பூஜ்யங்களைத் தந்திருக்கிறது. மென்பொருள் முதல் இரண்டு பிட்களை 11 ஆக்கி, அடுத்த பகா எண்ணை எடுத்துக்கொண்டது. மற்றவற்றில் பலவற்றில் 3, 5, 7 பிட் துண்டுகள் திரும்பத் திரும்ப வந்தன. எண்ணிப் பாருங்கள்: 1 பிட்டில் 2, 3 பிட்டில் 6, 5 பிட்டில் 30, 7 பிட்டில் 126 (எல்லாம் 0, எல்லாம் 1 ஆன துண்டுகள் 1 பிட்டிலேயே அடங்கிவிடும்). மொத்தம் 164 பகா எண்கள். ஒவ்வொன்றாக வகுத்துப் பார்க்கக் கணினிக்கு நொடிகூடத் தேவையில்லை.

பொதுச்சாவியைக் கண்ணால் பார்த்து இதைக் கண்டுபிடிக்க முடியாது. இன்னொரு பகா எண்ணோடு பெருக்கியதும் வடிவம் கலைந்துவிடும். இரண்டு பொதுச்சாவிகளின் மீப்பெரு பொது வகுத்தியைக் கண்டுபிடித்தால், இரண்டிலும் இருக்கும் பகா எண் வெளிவரும். 2537, 3053 இரண்டையும் தனித்தனியாகப் பார்த்தால் ஒன்றும் தெரியாது. யூக்ளிட் முறையில் மீதிகள் 516, 473, 43 என்று இறங்கி 43-இல் முடியும். இரண்டுக்கும் பொதுவான அந்த 43 பைனரியில் 101011: 101010-க்கு அடுத்த பகா எண்.

உங்கள் கையில் தனிச்சாவி இருந்தால் ஓப்பன்எஸ்எஸ்எல் என்ற மறையாக்க மென்பொருளைக் கொண்டு அதன் இரண்டு பகா எண்களையும் ஹெக்ஸில் (நான்கு பிட்டுக்கு ஓர் இலக்கம்) பாருங்கள். 100 என்ற துண்டு 924924 என்று தெரியும். 5 பிட் துண்டு ஐந்து இலக்கத்துக்கு ஒருமுறை, 7 பிட் துண்டு ஏழு இலக்கத்துக்கு ஒருமுறை திரும்பும். தைவான் அட்டைகளில் ஒவ்வொரு 32 பிட்டின் 16 பிட் பாதிகள் இடம் மாறியிருந்ததால், இந்த ஒழுங்குகூட நேராகத் தெரியவில்லை. சுருக்கிப் பார்ப்பது இன்னொரு வழி: 1024 பிட் பகா எண்ணை 128 பைட்டாக மாற்றிச் சுருக்கினால் அளவு குறையக்கூடாது. ஹெக்ஸ் எழுத்தாகவே சுருக்கிவிடாதீர்கள். அது நல்ல சாவியிலும் பாதியளவுக்குக் குறையும்.

ரேண்டம் வெளியீட்டை ஹாஷ் செய்தால் (ஒரு சூத்திரத்தால் கலைத்துப் போட்டால்) சரியாகிவிடும் என்பது பலரும் செய்யும் தவறு. வடிவம் மறையும், 164 வாய்ப்புகள் 164 ஆகவேதான் இருக்கும். முன்பு கண்ணில் பட்டிருக்கக்கூடிய பழுதும் இப்போது புதைந்துவிடும். அதனால் சோதனையை ஹாஷுக்கு முன்னால், சிப்பின் கச்சா வெளியீட்டில் வைக்க வேண்டும். அங்கேயும் ஒரே பிட் நீளமாகத் தொடர்கிறதா, 0-வும் 1-உம் எந்த விகிதத்தில் வருகின்றன என்று மட்டும் பார்த்தால் 10010 என்ற துண்டு இரண்டிலும் தப்பிவிடும். ஒவ்வொரு பிட்டையும் அதற்கு 1 முதல் 64 பிட் முன்னால் வந்த பிட்களோடு, ஒவ்வொரு தூரத்திலும் ஒப்பிட்டு, பாதிக்கு மிக அதிகமாகப் பொருந்தினால் சாவி உருவாக்கத்தை அங்கேயே நிறுத்துங்கள்.

பழுதான சாவி கிடைத்தால் சான்றிதழை மட்டும் புதுப்பிப்பது வீண். பழையதை ரத்து செய்துவிட்டு, அதே சிப்பில் அல்லாமல் வேறு கருவியில் புதுச் சாவி உருவாக்குங்கள்.