ஆக்சிமீட்டர் 98 காட்டினாலும்...

தீவிர சிகிச்சைப் பிரிவுக்குள் வரும் உறவினர்கள் முதலில் பார்ப்பது மானிட்டரைத்தான். எண் ஏறினால் நிம்மதி, இறங்கினால் பதற்றம். படுத்திருப்பவர் ஏதோ சொல்ல வாயெடுப்பதை யாரும் கவனிப்பதில்லை. இளம் மருத்துவர்களிடமும் இந்தப் பழக்கம் வளர்வதைப் பார்க்கிறேன். கவலையாக இருக்கிறது.

விரலில் மாட்டும் பல்ஸ் ஆக்சிமீட்டரையே எடுத்துக்கொள்வோம். அது ஆக்சிஜனை நேரடியாக அளப்பதில்லை. விரல் வழியே சிவப்பு, அகச்சிவப்பு ஒளிகளைச் செலுத்தி, எது எவ்வளவு உறிஞ்சப்படுகிறது என்று பார்த்துக் கணக்குப் போடுகிறது. விரல் சில்லிட்டிருந்தாலோ, அடர்த்தியான நகப்பூச்சு இருந்தாலோ கணக்குத் தப்பலாம். கருத்த தோலில் உள்ளதைவிடக் கூடுதலாகவும் காட்டக்கூடும்.

எல்லாவற்றையும்விட ஆபத்தானது கார்பன் மோனாக்சைடு. மூடிய அறையில் கரியடுப்பு எரிந்தாலோ ஜெனரேட்டர் ஓடினாலோ வரும் இந்த வாயு, ரத்தத்தில் ஆக்சிஜனின் இடத்தைப் பிடித்துக்கொள்ளும். சாதாரண ஆக்சிமீட்டருக்கு இரண்டும் ஏறக்குறைய ஒன்றுதான். தலைவலி, வாந்தி, மயக்கம் என்று ஆள் சரிந்துகொண்டிருப்பார். கருவி, ரத்தத்தில் ஆக்சிஜன் சரியாக இருப்பதுபோல் 98 சதவீதம் காட்டும்.

கருவியை நம்பி மனிதரை நம்பாமல் போனால் என்ன ஆகும் என்பதற்குத் தெராக்-25 என்ற கதிர்வீச்சு சிகிச்சை இயந்திரமே சாட்சி. 1985 முதல் 1987 வரை அமெரிக்காவிலும் கனடாவிலும் 6 பேருக்கு அளவுக்கு மீறிய கதிர்வீச்சைச் செலுத்தியது. குறைந்தது 3 பேர் இறந்தார்கள். பழைய மாடலில் இருந்த தனிப் பாதுகாப்புப் பூட்டுகளை எடுத்துவிட்டு, பிழையுள்ள மென்பொருளை நம்பியிருந்தார்கள். என்னை அதிகம் உறுத்துவது வேறு. முதலில் பாதிக்கப்பட்ட பெண், சுட்டுவிட்டது என்று அங்கேயே சொன்னார். அப்படி நடக்கவே முடியாது என்று பதில் வந்தது. 1986-இல் இன்னொரு மருத்துவமனையில் திரையில் 'மால்ஃபங்ஷன் 54' என்று வந்தது. இப்படிப்பட்ட செய்திகள் அடிக்கடி வருவதால், இயக்குபவர் வழக்கம்போல் 'தொடர்க' என்ற விசையை அழுத்தினார். வலியில் எழ முயன்றவர் மேல் மறுபடியும் கதிர் பாய்ந்தது.

சரி, வீட்டில் என்ன செய்வது? மூச்சு வாங்குகிறது, முழு வாக்கியம் பேச முடியவில்லை, உதடு நீலமாகிறது, பேச்சு குழறுகிறது என்றால், எண் எதைக் காட்டினாலும் உடனே மருத்துவமனைக்குப் போங்கள். ஆள் தெளிவாக இருந்து எண் மட்டும் குறைந்தால், நகப்பூச்சை அழித்து, கையைத் தேய்த்துச் சூடாக்கி, வேறு விரலில் ஒரு நிமிடம் வைத்துப் பாருங்கள். அப்போதும் குறைவு என்றால் தாமதிக்க வேண்டாம். மூச்சுத்திணறல் தெரியாமலும் ஆக்சிஜன் குறைவதுண்டு. புகை சூழ்ந்த அறையிலிருந்து வந்தவர் என்றால் அதை மருத்துவரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள். கார்பன் மோனாக்சைடைக் கண்டறியும் ரத்தப் பரிசோதனை தனி.