குடை பிடிக்கும் தவளைக்கு வானிலை எப்படித் தெரிகிறது?

ஏற்காடு மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள். அடிவாரத்தில் வேர்த்து வழிகிறது. மேலே போனதும் ஸ்வெட்டரைத் தேடுகிறோம். போன் திரையில் இருக்கும் தவளையோ இன்னும் கருப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு வெயில் காய்கிறது!

தவளை, பூனை, ஆந்தை என்று விலங்குகள் வானிலை சொல்லும் விட்ஜெட்டுகள், அதாவது போன் முகப்பில் இருக்கும் குட்டிப் பெட்டிகள், குழந்தைகளுக்கு ரொம்பப் பிடிக்கும். எனக்கும்தான். ஆனால் அந்தத் தவளை வானத்தைப் பார்ப்பதே இல்லை. போன் இருக்கும் இடத்தின் அட்சரேகை, தீர்க்கரேகையைச் செயலி ஒரு சர்வருக்கு அனுப்புகிறது. பதிலுக்கு வெப்பநிலை, ஈரப்பதம், காற்றின் வேகம் இவற்றோடு ஒரு குறியீட்டு எண்ணும் வருகிறது. பல செயலிகள் உலக வானிலை அமைப்பின் எண்களையே வைத்திருக்கின்றன: 45 என்றால் மூடுபனி, 61 என்றால் லேசான மழை, 95 என்றால் இடிமழை. 61 வந்தால் தவளை குடையை விரிக்கும், 95 வந்தால் கட்டிலுக்கடியில் ஒளியும். படம் மாறுவது இவ்வளவு சுலபம்.

அந்த எண்ணைக் கண்டுபிடிப்பதுதான் பெரிய வேலை. வானிலையைக் கணிக்கும் அமெரிக்காவின் ஜிஎஃப்எஸ் என்ற கணினி மாடல் தினமும் 4 முறை உலகம் முழுக்கக் காற்று, அழுத்தம், ஈரம் எல்லாவற்றையும் கணக்குப் போடுகிறது. அதன் முடிவுகள், புள்ளிக் கோலத்துக்கு வைத்த புள்ளிகள் மாதிரி, சுமார் 28 கி.மீ. இடைவெளியில் கிடைக்கின்றன. சேலத்துக்கும் ஏற்காட்டுக்கும் நேர்கோட்டில் சுமார் 15 கி.மீ.தான். இரண்டு ஊரும் ஒரே இடைவெளிக்குள் அடங்கிவிடலாம்!

உயரத்தைப் பாருங்கள். சேலம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 280 மீட்டர், ஏற்காடு சுமார் 1,500 மீட்டர். 1 கி.மீ. ஏறினால் சராசரியாக 6.5 டிகிரி குறையும். அப்படியானால் இரண்டுக்கும் ஏறக்குறைய 8 டிகிரி வித்தியாசம். இவ்வளவு பெரிய இடைவெளியால், அந்தக் கணினி மாடலுக்குள் ஏற்காடு இருக்கும் சேர்வராயன் மலை மழுங்கிப்போன ஒரு மேடுதான். நல்ல செயலிகள் தனியாக ஒரு உயர வரைபடத்தை வைத்துக்கொண்டு இந்த 8 டிகிரியைச் சரிசெய்துவிடும். மூடுபனியை அப்படிச் சரிக்கட்ட முடியாது. ஈரக்காற்று சரிவில் ஏறிக் குளிர்ந்து மேகமாகி மலைமேலேயே படுத்துக்கொள்வதுதான் ஏற்காட்டில் நாம் பார்க்கும் பனிமூட்டம். சரிவே மழுங்கிய கணக்கில் அந்த மேகம் உருவாகாமலே போகலாம். 45 வராது, தவளைக்கும் தெரியாது. கோடை இடிமழையும் இப்படித்தான். சேலத்தில் ஜங்ஷன் பக்கம் கொட்டித் தீர்க்கும்போது அதே ஊரின் அம்மாபேட்டையில் ஒரு தூறல்கூட இருக்காது.

அப்புறம் பேட்டரி. சார்ஜ் தீரக்கூடாது என்பதால் ஆண்ட்ராய்டில் விட்ஜெட்டின் சொந்தக் கடிகாரம் புதுத் தகவல் வாங்க அதை 30 நிமிடத்துக்கு ஒருமுறைக்கு மேல் எழுப்பாது. மலை ஏறி முடித்த பிறகும் தவளை சேலத்திலேயே உட்கார்ந்திருப்பதற்கு இதுவும் ஒரு காரணம். ஏற்காட்டைத் தனி இடமாகச் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள், கடைசியாகப் புதுப்பித்த நேரத்தையும் பாருங்கள்.

சித்திரை, வைகாசி சாயங்காலத்தில் பைக்கில் இறங்குவதாக இருந்தால் புனே வெப்பமண்டல வானிலை ஆய்வு நிறுவனத்தின் 'தாமினி' செயலியையும் திறந்து பாருங்கள். அது தரையில் நிறுவிய உணர்கருவிகள் பிடித்த மின்னலைக் காட்டுகிறது. 20, 40 கி.மீ. சுற்றளவில் மின்னல் ஆபத்து இருந்தால் எச்சரிக்கும்.