கல்லறைக்குப் போவதற்கு முன்: சென்னையில் மூதாதையரைத் தேடுவோர் கவனத்துக்கு

கொள்ளுத் தாத்தாவைத் தேடிப் புறப்படுகிறவர்கள் பெரும்பாலும் நேரே கீழ்ப்பாக்கம் கல்லறைத் தோட்டத்துக்கோ காசிமேட்டுக்கோ போகிறார்கள். வரிசை வரிசையாகக் கல்லைப் பார்த்து, வெயிலில் வாடி, வெறுங்கையோடு திரும்புகிறார்கள். கல்லைத் தேடுவது கடைசி வேலை. அவர் எப்போது இறந்தார், எங்கே இறந்தார் என்ற இரண்டும்தான் முதலில் தெரிய வேண்டும்.

‘எங்கே’ என்பதில்தான் பலரும் சறுக்குகிறார்கள். மரணம் நடந்த இடத்தில்தான் இறப்பு பதிவாகும், குடியிருந்த இடத்தில் அல்ல. பெரம்பூரில் வாழ்ந்தவர் ராயப்பேட்டை ஆஸ்பத்திரியில் இறந்திருந்தால் பெரம்பூர் ஏட்டில் அவர் பெயர் வராது. அம்பத்தூர், ஆலந்தூர், திருவொற்றியூர் எல்லாம் 2011 வரை தனி நகராட்சிகள். அந்தப் பக்கத்துப் பழைய மரணங்களை மாநகராட்சி இணையதளத்தில் மட்டும் தேடிவிட்டு ‘இல்லை’ என்று முடிவு கட்டாதீர்கள். இப்போதைய மண்டல அலுவலகத்திலும், அன்றைக்கு அது கிராமமாக இருந்திருந்தால் சார்பதிவாளர் அலுவலகத்திலும் கேளுங்கள்.

1969-ஆம் ஆண்டின் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டப்படி, கட்டணம் செலுத்தி யார் வேண்டுமானாலும் ஏட்டில் தேடச் சொல்லலாம், நகலும் கேட்கலாம். இறப்புக்கான காரணத்தை மட்டும் நகலில் தரமாட்டார்கள். மரணத்தைத் தெரிவிக்க 21 நாள் அவகாசம் உண்டு என்பதால், டிசம்பர் கடைசியில் இறந்தவரை அடுத்த ஜனவரிப் பக்கங்களிலும் பாருங்கள். பெண்கள் விஷயத்தில் இன்னும் பொறுமை வேண்டும். வீட்டில் ‘பாப்பம்மா’ என்று எல்லோரும் கூப்பிட்டவர் ஏட்டில் வேறு பெயரில் இருப்பார். கணவர் பெயரையும் தெருப் பெயரையும் வைத்துத்தான் அவரைப் பிடிக்க முடியும்.

தேதியே தெரியாது என்கிறவர்கள், வீட்டில் திதி கொடுப்பவரைக் கேளுங்கள். ‘ஐப்பசி, தேய்பிறை ஏகாதசி’ என்று அவர் சொன்னால், பழைய பஞ்சாங்கத்தில் ஆண்டுக்கு ஒரு நாளாகப் பட்டியல் சுருங்கிவிடும். தகனம் செய்த குடும்பங்களுக்குக் கல் இருக்காது. அவர்களுக்கு இந்தத் திதியும் கண்ணம்மாபேட்டை, கிருஷ்ணாம்பேட்டை போன்ற மயானத்தில் கொடுத்த ரசீதும்தான் பிடிமானம். பீரோவின் அடித்தட்டில், பத்திரங்களோடு மடித்து வைத்திருப்பார்கள்.

கத்தோலிக்கக் குடும்பம் என்றால் பங்குக் கோயிலின் அடக்க ஏடு. 1952-இல் சென்னை உயர்மறைமாவட்டமும் மயிலை மறைமாவட்டமும் ஒன்றாயின. அதற்கு முந்தைய மரணம் என்றால், அந்தக் கோயில் அப்போது எந்த நிர்வாகத்தில் இருந்தது என்று முதலில் கேட்டுக்கொள்ளுங்கள். பழைய ஏடுகள் லத்தீனில் இருக்கும். அதில் இராயப்பனைத் தேடினால் கிடைக்கமாட்டார், அவர் ‘பெத்ருஸ்’. சின்னப்பன் ‘பவுலுஸ்’, அருளப்பன் ‘யோவான்னெஸ்’, முடியப்பன் ‘ஸ்தெபானுஸ்’, சவரிமுத்து ‘சவேரியுஸ்’. இது தெரியாமல் சரியான பக்கத்தையே புரட்டித் தாண்டிப் போய்விடுவார்கள். ஏட்டில் எழுதிய வயதையும் அப்படியே நம்ப வேண்டாம். துக்கத்தில் இருந்தவர்கள் தோராயமாகச் சொன்னதை எழுதியது அது. 60, 70 என்று முழு எண்ணாக இருந்தால் முன்பின் ஐந்தாறு ஆண்டு தள்ளிப் பாருங்கள்.

ஆங்கிலோ இந்தியர், ஐரோப்பியர் வழி வந்தவர்களுக்கு இன்னொரு கதவும் உண்டு. சென்னை மாகாணத் தேவாலய ஏடுகளின் நகல்கள் லண்டனுக்கு அனுப்பப்பட்டன. அவை இன்று பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கின்றன. நகல் எடுத்தவர் கை தவறியிருக்கலாம் என்பதால், மூல ஏடு இங்கே இருந்தால் அதையும் ஒப்பிட வேண்டும். புனித ஜார்ஜ் கோட்டைக்குள் 1680-இல் திறந்த புனித மேரி தேவாலயத்தைச் சுற்றிப் பாவியிருக்கும் கல்லறைக் கற்களின் கீழே உடல்களைத் தேடாதீர்கள். அவை இன்றைய சட்டக் கல்லூரிப் பக்கம் இருந்த பழைய இடுகாட்டைச் சேர்ந்தவை. 1758-59 முற்றுகையில் பிரெஞ்சுப் படை அந்தக் கல்லறைகளைப் பதுங்கும் மறைவிடமாகப் பயன்படுத்தியதால், பிறகு கற்களை மட்டும் பெயர்த்து இங்கே கொண்டுவந்தார்கள். நந்தம்பாக்கம் போர்க் கல்லறையிலும் வேறு ஊர்களில் புதைத்து, பின்னர் மாற்றப்பட்டவர்கள் இருக்கிறார்கள்.

முஸ்லிம் குடும்பங்களில் கபருக்கு, அதாவது புதைகுழிக்கு, கல் வைக்காத வழக்கம் பரவலாக இருக்கிறது. பள்ளிவாசல் ஜமாஅத்தின் ஏட்டைத்தான் கேட்க வேண்டும். ஹிஜ்ரி நாள் மாலை சூரியன் மறைந்ததும் தொடங்குகிறது. ஆங்கிலத் தேதியாக மாற்றும்போது ஒரு நாள் முன்பின்னாக வந்தால் அது பிழை என்று தள்ளிவிடாதீர்கள்.

இனி கல்லுக்கு வருவோம். ‘தாது வருஷம் தை மாதம்’ என்று மட்டும் வெட்டியிருக்கும் கல்லை எடுத்துக்கொள்ளுங்கள். தாது வருஷப் பஞ்சம் நினைவுக்கு வந்து 1876 என்று எழுதிவிடுவோம். ஆனால் வருஷம் சித்திரையில் பிறக்கிறது. தை மாதம் என்றால் 1877. அறுபது ஆண்டுச் சுற்றில் 1937 தையும் தாதுதான். எது என்று கல்லின் எழுத்துதான் சொல்ல வேண்டும். தமிழ் எண் இருந்தால் ௲ ஆயிரம், ௱ நூறு, ௰ பத்து. ௲௮௱௭௰௬ என்பது 1876. இந்த ௮-ஐ ‘அ’ என்றும் ௭-ஐ ‘எ’ என்றும் படித்துக் குழம்புகிறவர்கள் நிறைய.

வெள்ளைச் சலவைக்கல்லில் ஈயத்தில் பதித்த எழுத்துகள் உதிர்ந்துபோயிருக்கும். ஆனால் ஈயம் பிடித்துக்கொள்வதற்குத் துளைத்த சின்னச் சின்ன ஓட்டைகள் அப்படியே நிற்கும். ஓட்டைகளின் அமைப்பை வைத்தே எழுத்தை ஊகிக்கலாம். கடப்பா கல் ஏடு ஏடாக உரியும். அதை விரலால்கூடத் தேய்க்காதீர்கள். கம்பி பிரஷ், ஆசிட், சாக்பீஸ் எதுவும் வேண்டாம். வெறும் தண்ணீரும் மிருதுவான தூரிகையும் போதும். காலை ஏழு, ஏழரை மணிக்கு, வெயில் பக்கவாட்டில் விழும்போது படம் எடுங்கள். நிழலாக இருந்தால் ஒருவர் முகம் பார்க்கும் கண்ணாடியால் ஓரத்திலிருந்து வெளிச்சம் அடிக்கட்டும். உச்சி வெயிலில் தெரியாத எழுத்தும் எழுந்து நிற்கும். பக்கத்துக் கல்லையும் சேர்த்து எடுங்கள். அது மருமகளின் பிறந்த வீடாகவும் இருக்கலாம்.

இதில் அவசரம் ஒன்று இருக்கிறது. நகரத்தில் புதைக்க இடம் போதவில்லை. ஒரே குடும்பக் குழியைச் சில ஆண்டுகளுக்குப் பின் மறுபடி திறந்து அடுத்தவரைப் புதைக்கிறார்கள். அப்போது பெயர்த்த பழைய கல் திரும்பவும் அதே இடத்துக்கு வராமலே போகலாம். படம் எடுக்க நினைத்திருந்தால் தள்ளிப்போடாதீர்கள்.

உறவினரைத் தேடுகிறவர்கள் நவம்பர் 2, கல்லறைத் திருநாளன்று போய் நில்லுங்கள். அதற்கு முந்தைய வாரமே சுண்ணாம்பு அடிக்க ஆரம்பித்துவிடுவார்கள். வெட்டெழுத்தெல்லாம் அதில் அடைந்துபோகும், ஆகவே படத்தை அக்டோபர் நடுவிலேயே எடுத்துவிடுங்கள். திருநாளன்று நீங்கள் தேடும் கல்லறையில் யார் மெழுகுவர்த்தி ஏற்றுகிறார்கள் என்று பாருங்கள். யாரும் வரவில்லை, ஆனாலும் சுண்ணாம்பு புதிதாக இருக்கிறது என்றால், அடித்த ஆளைக் கேளுங்கள். பணம் கொடுத்தனுப்பியவர் யார் என்று அவருக்குத் தெரியும்.